தாம்பூலம் மாற்றிய அரசுப் பொம்மை

இம்மனுவைத் தாங்கள் மட்டும் படிக்க வேண்டும். எவருக்கும், முக்கியமாக என் தந்தைக்கும் அவருடைய பொம்மைக்கும், காட்டிவிட வேண்டாம்.

அனுப்புநர்:
சு. பரிபூரணம் (வயது 16),
பதினொன்றாம் வகுப்பு,
ராஜபாளையம்.

பெறுநர்:
குடும்ப நலப் பிரச்சார அலுவலர் அவர்கள்,
ஸ்ரீவில்லிபுத்தூர்.

பொருள்: சோணைமுத்து என்னும் அரசுப் பொம்மை கொடுத்த வாக்கை ரத்து செய்யக் கோருதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் தந்தை சுயம்புலிங்கம் தங்கள் துறைக்காக ஊர் ஊராகப் பேசும் பொம்மை நிகழ்ச்சி நடத்துகிறார். தாங்கள் கொடுத்த மரப்பொம்மைதான் சோணைமுத்து. மேடையில் அப்பா உதடு அசையாமல் பேசுவார். வீட்டில் அவர் பேசுவதே இல்லை. குழம்பில் உப்பில்லை என்பதைக்கூட சோணைதான் சொல்கிறது. கேட்டால், "நானா சொன்னேன்? அவன்லா சொல்லுதான்" என்பார். அம்மாவும் இப்போது சோணையிடமே சண்டை போடுகிறாள்.

2. சென்ற வாரம் சுந்தரபாண்டியத்திலிருந்து அழகுத்தாய் அத்தை, தன் மகன் காசிராஜனுக்கு என்னைக் கேட்டு வந்தார்கள். அத்தானுக்கு வயது முப்பத்திரண்டு. அப்பாவுக்குத் தன் அக்கா என்றால் சிறுவயது முதலே நடுக்கம். எழுந்துபோய் சோணையை எடுத்துவந்து மடியில் வைத்துக்கொண்டார். "அதுக்கென்ன அத்தை, தாராளமாக் கூட்டிட்டுப் போங்க" என்றது சோணை. அத்தை தாம்பூலத்தட்டை அதன் கையிலேயே கொடுத்தார்கள். விரல் மடங்காததால் பாக்கெல்லாம் உருண்டது. அதையும் நல்ல சகுனம் என்று சொல்லிவிட்டார்கள்.

3. அம்மா அன்றிரவு அப்பாவை உலுக்கி எடுத்தாள். "வாக்குக் குடுத்தது அவன். நான் எப்படி மாத்த?" என்று அப்பா அழாத குறையாகச் சொல்கிறார்.

4. மறுநாளே வன்னியம்பட்டிக் கூட்டத்தில் இதே சோணை, "பதினெட்டு முடியாம பொட்டப்பிள்ளையக் கட்டிக் குடுக்கவன் மனுசனாடே?" என்று கேட்டுக் கைதட்டல் வாங்கியிருக்கிறது. அரசுப் பணியில் இருக்கும் ஒரு பொம்மை மேடையில் ஒன்றும் வீட்டில் ஒன்றும் பேசலாமா?

5. ஆடி பிறக்குமுன் முகூர்த்தம் வைக்கப் பார்க்கிறார்கள். நான் பன்னிரண்டாம் வகுப்பு வரையாவது படிக்க வேண்டும். ஆகவே, அந்த வாக்கு செல்லாது என்று உடனே உத்தரவிட வேண்டுகிறேன். உத்தரவை என் தந்தையின் பெயருக்கு அனுப்ப வேண்டாம். அவர் பயந்து மடித்து வைத்துவிடுவார். சோணைமுத்து பெயருக்கே அனுப்பவும். அது என்றால் அத்தை முகத்துக்கு நேராக வாசித்துவிடும்.

எல்லோரும் தூங்கிய பின் அடுப்படியில் உட்கார்ந்து எழுதினேன். பிழை இருக்கிறதா என்று ஒருமுறை மெல்ல வாசித்தும் பார்த்துவிட்டேன்.

இடம்: ராஜபாளையம்
நாள்: 22.6.1988

இப்படிக்கு,

ஐயா, கதவு தட்டப்படுகிறது. கை அல்ல, கட்டை. அப்பாவின் குறட்டையும் அந்தக் கதவுக்குப் பின்னாலிருந்துதான் வருகிறது. கூடவே சோணையின் குரல்: "ஏட்டி பூரணம், எம்பேருக்கு முன்னால திருன்னு போடச் சொல்லு. முகூர்த்தத்துக்கு முந்தி வந்துரணும்னும் எழு