நாற்பத்தைந்து நிமிடம், இருபத்து நான்கு கிலோமீட்டர்

9.3.84
வத்தலக்குண்டுக்கு நான்கு நிமிடம் லேட். பின்னால் வந்த வண்டியில் ஏற வேண்டிய ஆட்களை நாங்கள் அள்ளிவிட்டோமாம். அந்த வண்டியின் கண்டக்டர் ஸ்டாண்டில் எல்லோர் முன்னாலும் கத்தினான். சாயங்காலம் முதலாளியும் திட்டினார். டிரைவர் சனாவுல்லா பாய் மட்டும் சிரித்தார். "நாலு நிமிசத்துல எவன் குடி முழுகிப்போச்சு?" வாங்கிக் கட்டிக்கொள்வது கண்டக்டர் நான்தானே. இனி ஒரு நிமிடம் விடக்கூடாது.

12.3.84
ஒரு பொம்பள செத்துப்போச்சு. எங்க வண்டியில அடிபட்டு.

13.3.84
எழுதினால்தான் மனசு அடங்கும். திண்டுக்கல்லில் 8.05க்கு எடுத்தோம். ஊரைத் தாண்டியதும் ரேடியேட்டர் கொதித்து, பதினைந்து நிமிடம் நின்றோம். அப்புறம் பாயை விரட்டியது நான். "மிதிங்க பாய், டைம் போச்சு" என்று விசிலுக்கு மேல் விசில். வண்டியில் ஸ்பீடாமீட்டர் முள் செத்து ஒரு வருடம். அதனால் கைக்கடிகாரத்தைப் பார்த்துக் கிலோமீட்டர் கற்களை எண்ணுவது என் பழக்கம். செம்பட்டி தாண்டி ஒரு கல்லுக்கும் அடுத்த கல்லுக்கும் ஐம்பது விநாடி. அப்படியென்றால் மணிக்கு எழுபத்திரண்டு. "டைமைப் பிடிச்சிட்டோம் பாய்!" என்று சந்தோஷமாகச் சொன்னேன். அப்போதுதான் பிரேக் சத்தம்.

கடிகாரத்தில் 8.50. டைம் சரியாக இருந்தது.

ஒச்சம்மாள் என்று பெயராம். ரோடெல்லாம் அவள் கூடையிலிருந்த வெண்டைக்காய்.

20.11.84
கோர்ட்டில் இன்று என் சாட்சி. "பாய்க்கு ரெண்டு பொம்பளப் புள்ளைக. யோசிச்சுப் பேசு" என்று முதலாளி நேற்றே சொல்லியிருந்தார். வழியில் எங்காவது நின்றீர்களா என்று கேட்டார்கள். "ஸ்டாப்பிங்ல மட்டுந்தாங்க" என்றேன். நான் சொன்ன பொய் அவ்வளவுதான். மீதியை எங்கள் வக்கீல் பார்த்துக்கொண்டார். திண்டுக்கல்லிலிருந்து அந்த இடம் வரை இருபத்து நான்கு கிலோமீட்டர், நாற்பத்தைந்து நிமிடம், ஆக மணிக்கு முப்பத்திரண்டு. இவ்வளவு மெதுவாக வந்த வண்டி என்ன செய்யும், அந்த அம்மாள்தான் பார்க்காமல் குறுக்கே ஓடியிருக்கிறார் என்றார்.

கணக்கில் தப்பே இல்லை. சும்மா நின்ற நிமிடத்தையும் பறந்த நிமிடத்தையும் சேர்த்து வகுத்தால் முப்பத்திரண்டுதான் வரும். ஆனால் அவளை அடித்தது முப்பத்திரண்டா?

4.12.84
பாய் விடுதலை. முதலாளி லட்டு கொடுத்தார். பாய் தொடவில்லை. என் முகத்தையும் பார்க்கவில்லை.

10.12.84
ஒச்சம்மாளின் புருஷன் பொம்மையன் செம்பட்டியில் ஏறினார். டிக்கெட் கிழிக்கும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார். "கோவமில்ல தம்பி. கோர்ட்ல முப்பத்திரண்டுன்னாக. அவ பக்கத்துல வாரப்பவும் அம்புட்டுத்தானா?"

ஒன்பது மாதமாக யாரும் இதைக் கேட்கவில்லையே.

"எழுவத்திரண்டுண்ணே. நாந்தேன் வெரட்டச் சொன்னேன்."

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் முன்சீட்டுக் கம்பியைப் பிடித்தபடி குனிந்துகொண்டார். "அப்ப அவ பாத்துத்தேன் தாண்டியிருக்கா. வண்டி தூரத்துல இருந்திருக்கும்." கம்பியை விடாமலே சொன்னார்: "கண்ணு தெரியாத கழுதைன்னு, அவ படத்துக்கு முன்னால நின்னு தெனமும் வைஞ்சுக்கிட்டு இருந்தேன் தம்பி."

அவள் அடிபட்ட இடத்தில் ஸ்டாப்பிங் கிடையாது. அவர் எழுந்து நின்றதும், நான் விசில் கொடுக்காமலே பாய் வண்டியை நிறுத்தினார்.

11.12.84
பொம்மையனிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன் என்று பாயிடம் சொன்னேன். "நான் சொல்லியிருக்கணும்" என்றார். நாளை இரண்டு பேரும் உண்மையைச் சொல்ல வக்கீலிடம் போகிறோம்.

வத்தலக்குண்டுக்குப் பதினாறு நிமிடம் லேட். பின்வண்டிக் கண்டக்டர் கத்தினான். கேட்டுக்கொண்டு நின்றேன்.