பூட்டிய ஜிப்பில் உன் குரல்

பாஸ்வேர்டை இப்போதே சொல்லிவிடு என்று அன்று நான் உன்னிடம் கேட்கவில்லை.

இன்று மதியம் பழைய கணினியில் இருந்ததையெல்லாம் புதியதற்கு மாற்றிக்கொண்டிருந்தேன். கரண்ட் போய், யூபிஎஸ் விட்டுவிட்டுக் கத்தத் தொடங்கியது. அப்போது திரையில் நகலாகிக்கொண்டிருந்தது உன் ஜிப் ஃபைல்.

பெஹாலாவில் உங்கள் வீட்டிலும் அன்று லோட்ஷெடிங். மறுநாள் உனக்குத் தொண்டையில் ஆபரேஷன். குரல் திரும்பாமல் போகலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். வீட்டில் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பேசிப் பதிவு செய்திருந்தாய். கடைசிப் பதிவில் யூபிஎஸ் கத்தலும் விழுந்துவிட்டது என்று அதைத் திட்டினாய். எல்லாவற்றையும் ஒரே ஜிப்பாக்கி, பாஸ்வேர்டு போட்டு, சிடியில் எழுதி என்னிடம் நீட்டினாய்.

"என்னடி பேசியிருக்க?"

"தூர், போ! குரல் இருந்தா நானே நேர்ல பேசிடப்போறேன். அப்புறம் இதை யாராவது கேட்டா மானம் போயிடும். குரல் போச்சுன்னா பாஸ்வேர்டை எழுதிக் காட்டறேன். அதுவரைக்கும் பத்திரமா வச்சிரு, லூசு."

கரகரத்த குரலில் சிரித்தாய். இரண்டையும் யோசித்து வைத்திருந்தாய். மூன்றாவது ஒன்று எனக்குத் தோன்றியது. கேட்டால், நீ திரும்பி வரமாட்டாய் என்று நானே சொன்னதுபோல ஆகிவிடும். சிடியைப் பைக்குள் வைத்துக்கொண்டேன்.

மயக்கத்திலிருந்து நீ எழவே இல்லை.

சில வாரம் கழித்து உன் அம்மாவும் நானும், நீ பதிவு செய்த அதே கணினி முன் உட்கார்ந்தோம். பூட்டிய ஜிப்பிலும் உள்ளே உள்ள ஃபைல்களின் பெயரும் அளவும் வெளியே தெரியும். அம்மா. அப்பா. அடுத்தது என் பெயர்.

"அவ அப்பா பேரைப் போடு, கண்ணு."

"தப்புங்குது ஆன்ட்டி."

"பக்கத்து வீட்டு வங்காளி மாஷிமா செல்லமாக் கூப்பிடுவாங்களே, மிஷ்டின்னு. அதைப் போடு."

அதுவும் இல்லை. ஆன்ட்டி கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு திரைப்பக்கம் குனிந்தார்.

"இந்த நம்பரெல்லாம் என்ன?"

"எது எவ்வளவு பெருசுன்னு, ஆன்ட்டி."

கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார். "உனக்குத்தான் நிறையப் பேசியிருக்கா."

என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. எழுந்து சமையலறைக்குப் போகும்போது சொன்னார்: "அழிச்சிடாதே. உள்ள பேசிட்டிருக்கா."

அதன்பிறகு நான் வாங்கிய எல்லாக் கணினிக்கும் நீ கூடவே வந்திருக்கிறாய். படித்துக்கொண்டிருக்கும்போது, பஸ்ஸில் போகும்போது, திடீரென்று ஒரு சொல் தோன்றும். வீட்டுக்கு வந்து அடித்துப் பார்ப்பேன். யூபிஎஸ் எங்கே கத்தினாலும், அந்தச் சத்தத்துக்குப் பின்னால் உன் பேச்சைத் தேடுகிறேன்.

இன்று கரண்ட் வருவதற்குள் நகல் முடிந்துவிட்டது. ஃபைல் இன்னும் திறக்கவில்லை.