உதட்டில் பார்த்தது

என் வாயாடிக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் நலம். நீயும் நலம்தான் என்று நானே எழுதிக்கொள்ள இந்த முறை கை வரவில்லை. கடிதத்தை வீட்டுக்கு அனுப்பாமல் உன் அலுவலகத்துக்கு அனுப்புகிறேன், ஏன் என்று படித்தால் புரியும்.

பழைய படங்களைப் பாதுகாக்கும் இடத்தில் எனக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறார்கள், காது கேட்காதவளுக்கு ஏற்ற வேலைதான். ஒரு நாடகத்தை அந்தக் காலத்தில் பேசாப்படமாக எடுத்திருக்கிறார்கள், ஒன்பது சுருளில் மூன்றுதான் மிச்சம். நடிகர்களின் உதட்டைப் பார்த்து நான் எழுத வேண்டும், அவர்கள் நாடகப் புத்தகத்தோடு ஒத்துப்பார்ப்பார்கள். முதல் இரண்டு சுருளில் ஒரே சிரிப்பு, ராஜா அழுதுகொண்டே "சாப்பாடு எப்போ வரும்" என்று கேட்கிறார். மூன்றாவதில் கதாநாயகி ஆற்றில் விழ வேண்டும். மேடையில் நீலத்துணியை ஆட்டிச் சமாளித்ததை இங்கே இடுப்பில் கயிறு கட்டி நிஜ ஆற்றிலேயே எடுத்திருக்கிறார்கள். "நாதா, விடைகொடுங்கள்" என்பது புத்தகத்து வசனம். அவள் அதைச் சொல்லவில்லை. "முடிச்சு அவுந்துபோச்சு, பிடிங்க, பிடிங்க" என்கிறாள். அதோடு சுருள் அறுந்துவிட்டது. அறையில் இருந்தவர்கள் என்ன நடிப்பு என்று கைதட்டினார்கள், நான் மட்டும் தட்டவில்லை.

போன ஞாயிறு நீ வீடியோவில் பேசியபோது நடுவில் சத்தம் நின்றது. லைன் போய்விட்டது என்று அப்பா எழுந்து போனார். எனக்குச் சத்தம் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன, பார்த்துக்கொண்டே இருந்தேன். நீ மாப்பிள்ளை பக்கம் திரும்பி "பயமா இருக்கு, கையை விடுங்க" என்றாய். பகரத்துக்கும் மகரத்துக்கும் உதடு ஒன்றுபோலத்தான் ஒட்டும், தப்பாகப் படித்தேனோ என்று கண்ணாடி முன் நின்று எத்தனையோ விதமாகச் சொல்லிப் பார்த்தேன், வேறு எந்த வார்த்தையும் பொருந்தவில்லை. சத்தம் வந்துவிட்டது என்று அப்பா திரும்பி வந்து உட்கார்ந்ததும் நீ சிரித்தாய். "நல்லாத்தானே சிரிச்சா, நீயா எதையாவது கற்பனை பண்ணிக்காதே" என்கிறார் அப்பா. ஆனால் பரணிலிருந்து பயணப் பெட்டியை இறக்கித் துடைத்து வைத்திருக்கிறார். நான் நினைப்பது தப்பென்றால் மாப்பிள்ளை காலில் விழவும் தயார், எனக்கு மானம் பெரிதில்லை.

நாடகத்தில் அந்தப் பெண்ணைக் கரையேற்றிவிடுகிறார்கள். படத்தில் என்ன ஆனாள் என்று யாருக்கும் தெரியாது, அதற்குமேல் சுருள் இல்லை. வரும் ஞாயிறு நீ சத்தமாக எதையும் சொல்ல வேண்டாம். உதட்டை மட்டும் அசைத்து "வாம்மா" என்று சொல். நான் கைதட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க மாட்டேன்.

நூறு வயது நன்றாக இரு, கண்ணே. இதைப் படித்ததும் கிழித்துப்போடு. ஞாயிறு அன்று முடியை ஒதுக்கி வாரிக்கொண்டு வெளிச்சத்தில் உட்கார்.

உன் உதட்டையே பார்த்திருக்கும்
அம்மா