சம்பந்தி ஊர்க் கல்

அண்ணி,

இன்று காலை ஆசிட்காரன் வந்தான். சைக்கிளின் இரண்டு பக்கமும் கேன்களைக் கட்டிக்கொண்டு, "ஆசிட், பினாயில்" என்று தெரு முழுக்கக் கத்திக்கொண்டு போனான். பக்கத்து வீட்டில் வாங்கிக் குளியலறையில் ஊற்றினார்கள் போலிருக்கிறது. அந்த நெடி சுவரைத் தாண்டி வந்து மூக்கில் ஏறியதும், நறுக்கிக்கொண்டிருந்த கீரையை அப்படியே போட்டுவிட்டுக் கொல்லைப்பக்கம் போய் நின்றேன். நீங்கள் போய் ஒன்பது மாதம் ஆகிறது. இன்னமும் அந்த நெடி என்னை வீட்டுக்குள் நிற்கவிடுவதில்லை. ஏன் என்று முதலில் தெரிந்துகொண்டவர் நீங்கள்தான்.

இருக்கும்போது வாயைத் திறக்காமல், போன பிறகு மடல் எழுதுகிறாளே இந்த நாத்தனார் என்று சிரிப்பீர்கள். சிரித்துக்கொள்ளுங்கள். ஊரார் கடிதத்தையெல்லாம் முப்பது வருஷம் அனுப்பிவைத்த போஸ்டாபீஸ் அம்மாவுக்கு எழுதாமல் நான் வேறு யாருக்கு எழுதுவேன்?

நம் கல்லறைத் தோட்டத்தில், வாய்க்கால் ஓரமாக, அண்ணனின் கல்லறைக்குப் பக்கத்தில் கிடக்கிற அந்தக் கல்லை முதன்முதலில் கல்லாகப் பார்த்தது நீங்கள்தான். இங்கேயே பிறந்து வளர்ந்த எங்களுக்கு அது 'வெள்ளைக்காரன் கல்', அவ்வளவுதான். கல்லறைத் திருநாளுக்கு நம் ஆட்களின் கல்லறைகளுக்குச் சுண்ணாம்பு அடிக்கும்போது, நாதியற்றவன், பாவம் என்று அவனுக்கும் ஒரு பூச்சு அடித்துச் சாமந்திப் பூ வைப்போம். வருஷத்துக்கு ஒரு பூச்சு. எழுத்து இருந்த இடமே தெரியாமல் மூடிப்போயிருந்தது. கல்யாணமாகி வந்த முதல் வருஷமே நீங்கள் அதன்மேல் ஈரச்சாக்கைப் போட்டு மூன்று நாள் ஊறவைத்து, தேங்காய் நாரால் தேய்த்து, எழுத்தை வெளியே கொண்டுவந்து நோட்டில் எழுதிக்கொண்டீர்கள். "புதுப்பொண்ணு சுடுகாட்டுல போயி உக்காந்திருக்கா" என்று தெருவே பேசியது. அம்மாவுக்கு அவமானமாய்ப் போயிற்று. எனக்கு வேடிக்கையாக இருந்தது.

கல்லிலிருந்தும் பிறகு வந்த கடிதங்களிலிருந்தும் தெரிந்தது இதுதான். நிலம் அளக்க வந்த இருபத்தாறு வயதுப் பையன். பேதி கண்டு விழுந்ததும் கூட வந்தவர்கள் முகாமைக் கலைத்துக்கொண்டு ஓடிவிட்டார்கள். தொட்டுத் தூக்க ஊரில் யாரும் வரவில்லை. நம் பாட்டன் பூட்டன்மார், பண்ணையில் அடிமைப்பட்டுக் கிடந்தவர்கள், தூக்கிவந்து தங்கள் பிணங்களைப் புதைக்கிற இடத்தில் புதைத்தார்கள். விவரம் கேள்விப்பட்ட அவன் தாய், தன் ஊர்க் கல்லையே வெட்டி எழுதி, கப்பலில் நாகப்பட்டினத்துக்கு அனுப்பினாள். 'இம்மக்களின் கல்லறை நிலத்தில், அவர்கள் கையால் அடக்கமானான்' என்ற வரியும், ஆண்டும், அவன் ஊர்ப்பெயரும் அதில் இருந்தன.

அந்த ஊர்ப்பெயரை உறையில் எழுதி, 'கோயில் பொறுப்பாளருக்கு' என்று மட்டும் போட்டு நீங்கள் கடிதம் அனுப்பியபோது, கிணற்றில் கல்லைப் போட்ட மாதிரிதான் என்று அண்ணன் கேலி செய்தார். இரண்டு மாதத்தில் பதில் வந்தது. கோயில் சாவியை வைத்திருக்கிற ஓர் அம்மாள் எழுதியிருந்தாள். அதற்குப் பிறகு வருஷத்துக்கு நாலு கடிதம் வரும். அவள் பெயர் என் வாயில் நுழையாததால் சாவிக்காரம்மா என்றேன். ஊர்ப்பெயரும் நுழையவில்லை. பையனை நம்மிடம் விட்டுவைத்திருக்கிற ஊர் ஆயிற்றே, அதனால் 'சம்பந்தி ஊர்'.

"சம்பந்தி ஊர்ல இந்த வருஷமும் ஆத்துல வெள்ளமாம் ஸ்டெல்லா. கோயில் வாசல் வரைக்கும் தண்ணியாம்."

"அங்கயும் மடையைத் தூர் வாராம வுட்டுருப்பானுவ."

நீங்கள் வாசிப்பீர்கள், நான் புளி ஆய்ந்துகொண்டே எதிர்வாதம் பண்ணுவேன். நாற்பது வீடு, ஒரு கோயில், ஒரு பாலம், கடைகூடக் கிடையாது. ஆட்டுக்கம்பளியில் பிழைத்த ஊர், பிறகு கல்வெட்டிப் பிழைத்த ஊர், இரண்டும் போனதும் பிள்ளைகளை வெளியூருக்கு அனுப்பிப் பிழைத்த ஊர். சண்டைக்குப் போய்த் திரும்பாதவர்கள் பெயரைக் கோயில் சுவரில் வெட்டி வைத்திருக்கிறார்கள் என்றீர்கள். "நம்மூருல பம்பாய் போயித் திரும்பாதவன் பேர வெட்டணும்னா சுவரு பத்தாது" என்றேன். அந்த ஊர்க் கல் வெண்ணெய் நிறம், ரொம்ப மெத்து, புளிப்பு பட்டால் கரைந்துபோகும், எலுமிச்சம்பழம்கூட ஆகாது என்று ஒரு கடிதத்தில் வந்ததையும் நீங்கள் வாசித்தீர்கள். என் காதில் விழுந்தது. மனத்தில் விழவில்லை.

அப்புறம் அந்த நோட்டீஸ் வந்தது. கல்லறைத் தோட்டத்தை ஒட்டிய வயலை வாங்கி பிளாட் போட்டவர், இது வெறும் வாய்க்கால் புறம்போக்கு, இதில் வழி விட வேண்டும் என்று மனுப் போட்டிருந்தார். பழைய பதிவேட்டில் மயானம் என்ற சொல்லே இல்லை. வியாழக்கிழமை தாசில்தார் நேரில் வந்து பார்ப்பார் என்றார்கள். அப்போது உங்களுக்கு வாரத்தில் இரண்டு நாள் தஞ்சாவூரில் டயாலிசிஸ். அண்ணன் பக்கத்தில்தான் உங்களுக்கு இடம் என்று நீங்களே காலால் அளந்து வைத்திருந்தீர்கள். அந்த இடமே கையைவிட்டுப் போகப் பார்த்தது.

"நம்மகிட்ட வேற காயிதம் இல்ல. அந்தக் கல்லுதான் காயிதம். சாக்கு நனைச்சுப் போடு, நாரால தேயி. வேற ஒண்ணும் பண்ணிடாத" என்று சொல்லிவிட்டு, ஞாயிற்றுக்கிழமையிலிருந்து என்னைத்தான் நம்பியிருந்தீர்கள்.

நான் சாக்கை நனைத்துப் போட்டேன். வெயிலில் அரை நாளில் காய்ந்துபோனது. திங்களன்று ஒரத்தநாட்டு விடுதிச் சமையல் வேலையை விட்டு வர முடியவில்லை. செவ்வாய் மதியம் வந்து தேய்த்தால் நீங்கள் தேய்த்த பிறகும் வருஷா வருஷம் நாங்கள் அடித்துவந்த முப்பது வருஷச் சுண்ணாம்பு பாறையாய் நிற்கிறது. என் புத்தி எங்கே போகும்? சமையலறைத் தரையில் கறை ஏறினால் ஆசிட் ஊற்றித் தேய்ப்போம், பளிச்சென்று ஆகிவிடும். ஒரு பாட்டிலை முழுசாகக் கவிழ்த்தேன். பால் பொங்குகிற மாதிரி நுரைத்தது. எனக்கு ஒரே சந்தோஷம். சுண்ணாம்பு போகிறது, போகிறது என்று இன்னொரு பாட்டிலையும் ஊற்றித் துடைப்பத்தால் தேய்த்தேன். தண்ணீர் விட்டுக் கழுவிப் பார்த்தேன். சுண்ணாம்பும் இல்லை, எழுத்தும் இல்லை. விரலால் தடவிப் பார்த்தேன். ஆண்டு இருந்த இடத்தில் ஒரு பள்ளம் மட்டும் இருந்தது.

அன்று சாயங்காலம் நீங்கள் பஸ்ஸில் வந்து இறங்கி, நடக்க முடியாமல் என் தோளைப் பிடித்தீர்கள்.

"கையில என்னடி, தோலு உரிஞ்சிருக்கு?"

"அடுப்புல சுட்டுகிட்டேன்."

"கல்லு?"

"ஊறுது அண்ணி."

பொய் சொல்லிவிட்டு நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். புதன்கிழமை நீங்கள் அசந்து தூங்கியபோது உங்கள் பெட்டியைத் திறந்து கடிதங்களைப் புரட்டினேன். ஒன்றின் தலைப்பில் போன் நம்பர் இருந்தது. நமக்கு மதியம் இரண்டு மணி என்றால் அவர்களுக்குக் காலை என்று நீங்கள் சொன்னது ஞாபகம் வந்தது. பிளஸ் டூவில் தட்டுத்தடுமாறித் தேறிய இங்கிலீஷை வைத்துக்கொண்டு நம்பரைப் போட்டேன். கிழவியின் குரல் கேட்டதும் இருந்த நாலு வார்த்தையும் ஓடிப்போயிற்று. "ஸ்டோன் ஃபினிஷ். லெட்டர் நோ. டுமாரோ ஆபீசர். ப்ளீஸ்" என்றேன். அழுகையும் வந்துவிட்டது. அவள் பதறாமல், ஒவ்வொரு சொல்லாக நிறுத்திப் பேசினாள். அந்தத் தாய் இதே வாசகத்தை அவர்கள் கோயில் சுவரிலும் ஒரு பலகைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறாளாம். அதில் நம் ஊர்ப்பெயரும் இருக்கிறதாம். படம் பிடிக்கிற போன் தன்னிடம் இல்லை, பக்கத்து வீட்டுக்காரர் வேலைக்குப் போயிருக்கிறார், வந்ததும் அனுப்பச் சொல்கிறேன் என்றாள். என் நம்பரை மூன்று தடவை சொன்னேன்.

இரவு வரவில்லை. காலையில் வரவில்லை. வியாழன் பத்தரைக்கு ஜீப் வந்து நின்றது.

ஊர் முழுக்கக் கூடிவிட்டது. தாசில்தார் குனிந்து கல்லைப் பார்த்தார். பிளாட்காரர் சும்மா இருப்பாரா? "துணி தொவைக்கிற கல்லு சார் இது. எழுத்து எங்க இருக்கு? இருந்துச்சுன்னு கதை விடுறாங்க" என்றார். தாசில்தார் கல்லைத் தடவி மோந்து பார்த்தார். "ஆசிட் வாடை அடிக்குது. யாரும்மா ஊத்துனது?"

நான் மண்ணைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஆட்டோவிலிருந்து இறங்கி, வேப்பமரத்தைப் பிடித்தபடி நின்ற உங்களை நிமிர்ந்து பார்க்கவில்லை. ஆனால் நீங்கள் என் கையைப் பார்த்தது எனக்குத் தெரியும்.

"நான்தாங்க ஊத்தினேன். சுத்தமா இருக்கட்டும்னு நெனச்சேன். புத்தி இல்லாம செஞ்சிட்டேன்" என்று உங்கள் குரல் கேட்டது.

கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. "படிச்ச பொம்பள செய்யிற வேலையா இது" என்று நம் தெருப் பெண்களே சொன்னார்கள். நான் அப்போதும் வாய் திறக்கவில்லை. தாசில்தார் குறிப்பேட்டை மூடிவிட்டு ஜீப்பை நோக்கி நடந்தார். ஏறி உட்கார்ந்தும் விட்டார். அந்த நேரத்தில் என் போன் அடித்தது. படம் வந்திருந்தது. செருப்பு கழன்று விழ ஓடிப்போய் ஜீப்புக்குள் போனை நீட்டினேன். அவர் பெரிதாக்கி, நம் ஊர்ப்பெயரை எழுத்துக்கூட்டி வாசித்தார், பிறகு அந்த வரியை வாசித்தார், பிறகு ஆண்டை வாசித்தார். "அந்தக் கோயில்லேருந்து முறையா ஒரு கடிதம் வாங்கி மனுவோட சேருங்க, பாக்கலாம்" என்றார். பார்க்கலாம் என்றதற்கே அவரைக் கையெடுத்துக் கும்பிட்டேன்.

சாவிக்காரம்மா கடிதம் அனுப்பினாள். மார்கழியில் உத்தரவு வந்தது: மயானம் என்று பதிவாயிற்று. தை அறுப்பின்போது நீங்கள் போனீர்கள். நீங்கள் அளந்துவைத்த இடத்திலேயே உங்களை வைத்தோம்.

அதற்கு முன்னால் ஒரு நாள் சொல்லிவிட முயன்றேன். "அண்ணி, அந்தக் கல்லு..." என்று ஆரம்பித்தேன். "கல்லுக்கு என்ன? கஞ்சிய ஆத்து, சூடா இருக்கு" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டீர்கள். என்னை மன்னித்தீர்களா, என் வாயாலேயே வரட்டும் என்று பார்த்தீர்களா, தெரியவில்லை. உங்கள்மேல் எனக்குக் கோபம்கூட உண்டு. யார் கேட்டார்கள் உங்களை அந்தப் பழியை ஏற்கச் சொல்லி? துக்க வீட்டில்கூட ஒருத்தி, "நல்லவங்கதான், ஆனா அந்தக் கல்ல அழிச்சிட்டாங்க" என்றாள். உங்கள் தலைமாட்டில் உட்கார்ந்துகொண்டு அதையும் கேட்டுக்கொண்டிருந்தேன் நான்.

போன வாரம் சம்பந்தி ஊரிலிருந்து தடித்த உறை ஒன்று வந்தது. சாவிக்காரம்மா தன் ஊரின் வரலாற்றைப் புத்தகமாக்குகிறாள். அந்த ஊர் எங்கெங்கே ஒட்டிக்கிடக்கிறது என்று ஒரு பகுதி. அதில் நமக்கு ஒரு பக்கம். அச்சுக்குப் போகும் முன்னால் தப்பு இருந்தால் திருத்தி அனுப்பச் சொல்லியிருந்தாள். அகராதியை வைத்துக்கொண்டு இரண்டு நாள் வாசித்தேன். கடைசிப் பத்தியில், அந்தக் கல்லைக் கண்டெடுத்த அஞ்சலக அம்மையாரே பின்னாளில் கவனக்குறைவால் அதை அழித்துவிட்டதாகவும், அதற்கு அவரே வருந்தி எழுதியதாகவும் இருந்தது. தாசில்தாரிடம் சொன்னது போதாதென்று, உங்கள் சிநேகிதிக்கும் அப்படியே எழுதியிருக்கிறீர்கள்.

விட்டுவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். கடல் தாண்டி நாற்பது வீட்டு ஊரில் எவர் படித்து எனக்கு என்ன ஆகப்போகிறது? இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் அந்த வரியை அடித்தேன். 'அவருடைய நாத்தனார் ஸ்டெல்லா அழித்தாள். அவர் பழியை ஏற்றுக்கொண்டார்' என்று இங்கிலீஷில் எழுதினேன். தப்பு இருக்கும், அவளுக்குப் புரியும்.

அனுப்பப் போன போஸ்டாபீஸில், உங்கள் நாற்காலியில் இப்போது இருக்கிற பெண், "உள்ள என்னக்கா?" என்று கேட்டாள். பென்ஷன் வாங்க நம் தெருப் பெண்கள் நாலு பேர் நின்றுகொண்டிருந்தார்கள். அவர்கள் பக்கம் திரும்பி, "அந்தக் கல்லுல ஆசிட் ஊத்துனது அண்ணி இல்ல. நான்" என்றேன். பிறகு துக்க வீட்டில் பேசிய அதே அக்காதான் கேட்டாள்.

"செத்தவங்க தலையிலயாடி இத்தன நாளு வச்சிருந்த?"

"ஆமாக்கா" என்றேன்.

நேற்றிலிருந்து குழாயடியில் நான் போனால் பேச்சு நின்றுவிடுகிறது. குடத்தை நிரப்பிக்கொண்டு நிமிர்ந்துதான் வருகிறேன், அண்ணி. கனமாகத்தான் இருக்கிறது. இருக்கட்டும்.