நான் போகாத ஸவூதி

காத்தான்குடி,
வெள்ளிக்கிழமை.

அன்பு மகள் ஸுஹைனாவுக்கு உம்மா எழுதுவது.

அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நானும் வாப்பாவும் அல்லாஹ்வின் காவலில் சுகமாக இருக்கிறோம், நீயும் மருமகன் றிஷாட்டும் உன் வயிற்றிலிருக்கிற என் கண்மணியும் அந்த லெஸ்டர் குளிருக்குள் ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டுமென்று ஒவ்வொரு தொழுகையிலும் கையேந்துகிறேன். இங்கே மாரி தொடங்கிவிட்டது, ஆறு பெருகி நம் பின்வளவு வேலிவரை வந்து நிற்கிறது, கடலுக்கு முகத்துவாரம் வெட்டினால்தான் வடியும் என்கிறார்கள். வாப்பாவுக்குச் சீனி கொஞ்சம் குறைந்திருக்கிறது, அதைச் சாட்டாக வைத்துக்கொண்டு நபீஸா சாச்சி வீட்டில் வட்டிலப்பம் சாப்பிட்டுவிட்டு வந்து, ஒன்றும் தெரியாதவர் போல் என் முன்னால் நிற்கிறார், தாடியில் ஒட்டியிருப்பது அவருக்குத் தெரிவதில்லை. நீ இரும்புச்சத்துக் குளிசையைத் தேத்தண்ணியோடு குடிக்காதே, உடம்பில் பிடிக்காதாம். தினமும் போனில் முகம் பார்த்துக் கதைக்கிறோமே, பிறகு என்னத்துக்குக் கடிதம் என்று நீ நினைப்பாய். உன் முகத்தைப் பார்த்தால் எனக்கு இது வாயில் வராது. வொய்ஸ் போட்டுப் பார்த்தேன், மூன்று தரம் போட்டு மூன்று தரமும் அழித்தேன். 'என்னத்த உம்மா அழிச்சிக் கொண்டிரிக்கீங்க' என்று நீ கேட்டதற்குக் கை தவறிப் பட்டுவிட்டது என்றேன், அதுவும் பொய். முன்வீட்டு நிஸ்றா படிப்புக்காகத் திங்கட்கிழமை உன் ஊருக்கு வருகிறாள், அவளிடம் ஒட்டிக் கொடுக்கிறேன்.

போன செவ்வாய்க்கிழமை உன் பிரசவத்துக்கான புதிய மிட்வைப்பைப் பார்த்துவிட்டு வந்து நீ சொன்னாயே. 'நாப்பது கேள்வி கேக்காங்க உம்மா. வாப்பாட சீனி, மூத்தப்பாட ஹார்ட் எல்லாம் கேட்டு எழுதிட்டு, மறுகா குடும்பத்துல ஆருக்கும் மன வருத்தம் இரிந்ததா எண்டும் கேட்டாங்க. எங்கட குடும்பத்துல அப்புடி ஒருத்தரும் இல்ல எண்டுட்டன்' என்று சொல்லிச் சிரித்தாய், நானும் சிரித்தேன். நான் வந்து உதவிக்கு நிற்கவா என்று கேட்டதற்குத் தேவையில்லை, சமாளிப்பேன் என்றாய். பிள்ளை பிறந்தபின் வேலைக்குப் போவாயா என்று கேட்டேன், 'நான் உங்களப் போல புள்ளய உட்டுட்டுப் போகமாட்டன் உம்மா' என்றாய். நீ கோபமாகச் சொல்லவில்லை. சோறு தின்றாயா என்று கேட்கிற குரலில் சொன்னாய், அத்தனை காலமாக அதைச் சொல்லிப் பழகியிருக்கிறாய். போனை வைத்துவிட்டு நான் அன்று சமைக்கவில்லை, வாப்பா கடையில் பாண் வாங்கி வந்தார். மகள், அந்த மிட்வைப்பிடம் நீ சொன்ன பதில் பிழை. அந்த மனநோய் நம் குடும்பத்தில் இருந்தது, உன் உம்மாவுக்கு இருந்தது. நான் ஸவூதிக்கு வேலைக்குப் போகவில்லை. நீ கைக்குழந்தையாக இருந்தபோதும் போகவில்லை, உன் பத்தாவது வயதிலும் போகவில்லை. நான் இன்றுவரை ஒரு விமானத்தில் ஏறியதில்லை.

நீ பிறந்து பத்தொன்பதாம் நாள் அது. அதற்கு முந்திய ஆறு இரவும் நான் உறங்கவில்லை, உறக்கம் வரவில்லையே என்ற கவலையும் எனக்கு இல்லை. உடம்பில் பத்துப் பேருடைய பலம் இருந்தது. உன் துணியெல்லாம் நானே துவைத்தேன், அலுமாரியைக் கொட்டிக் கொட்டி அடுக்கினேன், ஓயாமல் கதைத்தேன், பார்க்க வந்தவர்கள் 'புள்ள பெத்தவ மாதிரியா இரிக்கா, மாஷா அல்லாஹ்' என்று மெச்சிவிட்டுப் போனார்கள். பிறகு பாங்குச் சத்தத்துக்குள் எனக்கு மட்டும் ஒரு செய்தி கேட்கத் தொடங்கியது. பிள்ளை பெற்றவளுக்கென்று நபீஸா ஆக்கிக் கொண்டுவந்த சரக்குக்கறியில் நஞ்சு மணத்தது, கிணற்றிலும் மணத்தது. உன் இடது காதில் ஒரு மச்சம் இருந்ததென்றும் இப்போது அது இல்லையென்றும், என் பிள்ளையை எடுத்துவிட்டு வேறொரு பிள்ளையைக் கிடத்தியிருக்கிறார்கள் என்றும் நினைத்தேன். நினைத்தேன் என்று எழுதுவதும் சரியில்லை, என் பெயர் சபீனா என்று எனக்கு எப்படித் தெரியுமோ அப்படி அது தெரிந்தது. கழுவினால் என் பிள்ளையின் முகம் வெளியே வரும் என்று அந்தச் சத்தம் சொன்னது. கிணற்றில் நஞ்சு, அதனால் ஆற்றுக்குப் போகவேண்டும். அஸர் தொழுகை நேரம், வாப்பா பள்ளிவாசலில், நபீஸா குசினியில். நான் உன்னைத் தூக்கிக்கொண்டு பின்வளவால் இறங்கி இடுப்பளவு தண்ணீர்வரை போய்விட்டேன். இந்த இடத்தில் பேனையை வைத்துவிட்டு எழும்பிப்போய்க் கொஞ்ச நேரம் முற்றத்தில் நின்றுவிட்டு வந்தேன். அன்று ஆற்றில் அசனார் என்று ஒரு மனிதர் தோணியில் நண்டு வலை இழுத்துக்கொண்டிருந்தார். அவர் கத்தவில்லை, என்னைப் பிடித்து இழுக்கவுமில்லை. 'தங்கச்சி, உங்களுக்குக் கை நோகும். புள்ளய இஞ்ச தாங்க, நான் கழுவித் தாறன்' என்றார். நான் தந்துவிட்டேன். உன் கலியாணத்துக்கு ஒரு கூடை நண்டோடு வந்து வாசலிலேயே நின்றாரே, யார் உம்மா இவர் என்று கேட்டாயே, அந்த மனிதர்தான். இருபத்தாறு வருஷமாக அவர் வாயிலிருந்து இதைப் பற்றி ஒரு சொல் வெளியே வந்ததில்லை.

முதலில் சன்னி என்றார்கள், ஓதிப் பார்த்தார்கள், நூல் கட்டினார்கள், அதில் மூன்று கிழமை போனது. ஓதியதில் ஒரு பிழையும் இல்லை, ஓதியதோடு நின்றதுதான் பிழை. கடைசியில் வாப்பா ஒருவர் சொல்லையும் கேட்காமல் என்னைக் கொழும்பு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். உன்னை நபீஸா எடுத்துக்கொண்டாள், அப்போது அவளுக்குப் பத்தொன்பது வயது, அவளுக்கு மாப்பிள்ளை பேசிக்கொண்டிருந்த நேரம். உன் ஸியாம் மாமாதான் ஒரு வழி சொன்னார். 'ஊருல வீட்டுக்கு ஒரு பொம்பிள ஸவூதியில இரிக்கா. இவளும் பெய்த்தா எண்டு சொல்லுவம். கடை எரிஞ்சவன்ட பொஞ்சாதி, போகாம என்ன செய்வா எண்டு ஊரும் நம்பும்' என்றாராம். வாப்பாவின் கடை அந்த வருஷத்துக் கலவரத்தில் எரிந்தது உனக்குத் தெரியும்தானே, அதனால் ஊர் நம்பியது. மாமாவைக் குறை சொல்லாதே, தங்கை நபீஸாவின் கலியாணம் குழம்பக்கூடாது, என் பெயர் கெடக்கூடாது என்றுதான் அவர் பார்த்தார். ஆனால் மகள், ஐந்தாவது மாதம் நான் சுகமாகிவிட்டேன். சத்தம் நின்றுவிட்டது, உறக்கம் வந்தது, உன் படத்தை வைத்துக்கொண்டு இவள் என் பிள்ளைதான் என்று அழுதேன், டொக்டர் வீட்டுக்குப் போகலாம் என்று துண்டு எழுதித் தந்தார். நான் வரவில்லை. ஸவூதிக்குப் போனவள் ஐந்து மாதத்தில் திரும்பி வருவாளா, இரண்டு வருஷ எக்ரிமென்ட் அல்லவா. கொழும்பிலேயே மருதானையில் சொந்தக்காரர் வீட்டின் பின் அறையில் இருந்துகொண்டு பத்தொன்பது மாதம் பிறர் பிள்ளைகளுக்குச் சட்டை தைத்தேன். பஸ் ஏறினால் ஒரு பகலில் உன்னிடம் வந்திருப்பேன். அந்த மன வருத்தம் உன்னை என்னிடமிருந்து பிரித்தது ஐந்து மாதம்தான், மிச்சமெல்லாம் நாங்கள் சொன்ன பொய் பிரித்தது. நீ உட்கார்ந்ததும் தவழ்ந்ததும் முதலில் உம்மா என்று நபீஸாவைக் கூப்பிட்டதும் அந்தப் பத்தொன்பது மாதத்துக்குள்தான். வருத்தத்துக்கு நான் பொறுப்பில்லை என்று டொக்டர் சொன்னதை ஏற்றுக்கொண்டேன். இதை என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை, அன்றைக்கே ஒரு பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறியிருக்க வேண்டும்.

இரண்டு வருஷம் முடிந்து ஊருக்கு வரும்போது புறக்கோட்டையில் பெரிய பெட்டி ஒன்றும், பூப்போட்ட கம்பளியும், நிடோ பால்மா டின்னும், உனக்குக் கண் மூடித் திறக்கிற பொம்மையும் மாமா வாங்கி ஏற்றினார். நீ என்னைப் பார்த்து வீரிட்டு அழுதாய், பொம்மையை மட்டும் வாங்கிக்கொண்டு ஓடினாய். குளிசையால் என் கை நடுங்கியது, உடம்பு ஊதியிருந்தது, அதைப் பார்த்துவிட்டு அரபி வீட்டில் போட்டு முறித்திருக்கிறார்கள் என்று ஊர் இரக்கப்பட்டது. கேட்பவர்களுக்கெல்லாம் கதை சொல்ல வேண்டியிருந்தது, போய் வந்த மற்றப் பெண்களிடம் கேட்ட துண்டுகளைப் பொறுக்கி நானே ஒரு ஸவூதி கட்டினேன். ஏழு பிள்ளைகள் உள்ள வீடு, எஜமானிக்கு நூறா என்று பெயர்கூட வைத்தேன், கடைசிப் பிள்ளைக்கு ஆஸ்துமா. நான் இவ்வளவு நன்றாகப் பொய் சொல்வேன் என்று எனக்கே அதுவரை தெரியாது. பக்கத்து வீட்டு ஆச்சிப்பிள்ளை மாமி, அவருடைய கணவர் கடைசி மூச்சில் கிடந்தபோது, 'உம்றா செய்ய மக்காவுக்குப் பெய்த்திரிப்பாதானே மகள், ஒரு சொட்டு ஸம்ஸம் தண்ணி தாவன்' என்று வந்து நின்றார். இல்லை என்று சொல்லியிருக்கலாம். நான் நம் கிணற்றுத் தண்ணீரைப் போத்தலில் வார்த்துக் கொடுத்தேன். அவர் அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போனார். அதற்காக இன்றைக்கும் அல்லாஹ்விடம் தவ்பா செய்து மன்றாடுகிறேன், மாமியும் மௌத்தாகிவிட்டார், யாரிடம் போய் மாப்புக் கேட்பது.

உனக்குப் பத்து வயதில், புலமைப்பரிசில் சோதனை எழுதுகிற வருஷம், நன்றாகத்தானே இருக்கிறேன் என்று குளிசையை நானாக நிறுத்தினேன். வீட்டில் விருந்தாளிகள் தங்கியிருந்தார்கள், ஒளித்துக் குடிப்பது பெரிய பாடாக இருந்தது. இரண்டு மாதத்தில் சத்தம் திரும்பி வந்தது, என்னை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள், உன்னிடமும் ஊரிடமும் மறுபடியும் ஸவூதி என்றார்கள். நீ வேன் கதவைப் பிடித்துக்கொண்டு 'அந்த ஏழு புள்ளைகளும்தான் உங்களுக்குப் பெரிசு, பெய்த்து வாங்க' என்றாய். அப்போது என் தலைக்குள் எத்தனையோ சத்தம், அதற்குள்ளும் உன் சத்தம் தெளிவாகக் கேட்டது. தம்பி வேண்டும் தம்பி வேண்டும் என்று நீ கேட்டுக் கேட்டு ஓய்ந்ததற்கும் காரணம் இதுதான், இன்னொரு பிள்ளை பெற்றால் இது திரும்பலாம் என்று டொக்டர் சொன்னார், வாப்பா அன்றிலிருந்து அந்தப் பேச்சை எடுக்கவில்லை. ரீச்சர் வேலைக்கு வந்த கடிதத்தையும் நான் திருப்பி அனுப்பினேன், நடுங்கும் கையோடு கரும்பலகையில் எழுதினால் பிள்ளைகள் சிரிக்கும் என்று பயந்தேன். அலுமாரிக்குள் பிரஷர் குளிசை என்று நான் வைத்திருப்பது பிரஷருக்கு உள்ளதல்ல. அது என்னைக் காப்பாற்றியது, இப்போது கை நடுக்கமும் இல்லை, பதினாறு வருஷமாக ஒரு சத்தமும் இல்லை, அல்ஹம்துலில்லாஹ்.

புதன்கிழமை கிளினிக்கில் நம் டொக்டரிடம் உன்னைப் பற்றிக் கேட்டேன். எனக்கு வந்தது என்பதால் உனக்கு வரும் என்றில்லை, வராமலே போகலாம், ஆனால் தாய்க்கு இருந்தது என்பது அங்குள்ளவர்களுக்குத் தெரிந்தால் பிள்ளை பிறந்த முதல் கிழமைகளில் உன்னைக் கூடக் கவனிப்பார்கள், வந்தாலும் உடனே மருந்து தருவார்கள், கட்டாயம் சொல்லச் சொல்லுங்கள் என்றார். ஆகவே சொல்லு. இந்தக் கடிதத்தை றிஷாட்டுக்கும் காட்டு. அவருடைய வீட்டார் என்ன நினைப்பார்கள் என்று பார்க்காதே, அப்படிப் பார்த்துத்தான் நான் உன்னை இழந்தேன். பிள்ளை உறங்கும்போதும் உனக்கு இரண்டு இரவு உறக்கம் வராவிட்டால் றிஷாட் ஆஸ்பத்திரிக்குப் போன் எடுக்க வேண்டும், நீ நன்றாக இருக்கிறேன் என்று சொன்னாலும் எடுக்க வேண்டும், நானும் அப்படித்தான் சொன்னேன். இது உன் பிள்ளையில்லை என்று ஏதாவது ஒன்று உனக்குச் சொன்னால் அதை உடனே வாய்விட்டு யாரிடமாவது சொல். அப்படி நினைத்ததற்காக யாரும் உன்னைக் கெட்ட தாய் என்று சொல்லமாட்டார்கள், சொன்னால் என்னிடம் அனுப்பு. இந்தக் கடிதம் எழுத வேண்டாம் என்றுதான் வாப்பா முதலில் சொன்னார், 'வகுத்துப் புள்ளக்காரி, பயந்திருவா' என்றார். பிறகு நேற்று ஸுபஹ் தொழுதுவிட்டு வந்து இந்தக் கொப்பியையும் பேனையையும் என் முன்னால் வைத்துவிட்டுப் போனார். மற்றவர்கள் என்றால் என்னைத் தள்ளிவைத்துவிட்டு வேறு கலியாணம் முடித்திருப்பார்கள், உன் வாப்பாவின் அருமை உனக்கு இனியாவது தெரியட்டும்.

அல்லாஹ் உனக்கு இலேசான பிரசவத்தையும் நிறைந்த உறக்கத்தையும், ஒரு நாளும் உன்னைப் பிரியாத பிள்ளையையும் தருவானாக. றிஷாட்டுக்கு எங்கள் ஸலாம். நீ வா என்றால் பாஸ்போட் எடுத்துக்கொண்டு வருவேன், வேண்டாம் என்றால் இங்கிருந்து துஆ கேட்பேன். இந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத வேண்டாம், மன்னித்தேன் என்றும் சொல்ல வேண்டாம். என்னோடு கோபமாக இருக்க உனக்கு வாழ்நாள் முழுவதும் இருக்கிறது மகள், அதற்கு அவசரமில்லை, ஆறுதலாக இரு. பிள்ளை பிறக்குமுன் மிட்வைப்பிடம் சொல்ல ஆறு கிழமைதான் இருக்கிறது. போய், எங்கள் உம்மாவுக்கு இருந்தது என்று சொல்லிவிட்டு வா, அதன்பிறகு கோபப்படு.

உன்னை விட்டு எங்கேயும் போக விரும்பாத
உன் உம்மா,
சபீனா.