வாய் ஒட்டப்பட்டிருந்த மனிதன்

புதன்கிழமை இரவு. வுப்பர்டால், ஜெர்மனி.

தொங்கு ரயில் நிலையத்துக்குக் கீழே இன்று ஒரு பிரித்தானிய உளவுப் படத்தின் படப்பிடிப்பு. தெருவில் நடந்துபோகிறவர்களாக என்னையும் பக்கத்து வீட்டு ஜெசிந்தா அக்காவையும் எடுத்திருந்தார்கள்.

அங்கே போன பிறகுதான் காட்சியைச் சொன்னார்கள். வெள்ளை வான் வண்டி ஒன்று வந்து நிற்கும். இரண்டு பேர் ஓர் ஆளை உள்ளே இழுத்துப் போடுவார்கள். நாங்கள் பார்க்காததுபோல நடக்க வேண்டும்.

அக்காவின் தம்பியை மன்னாரில் அப்படித்தான் கொண்டுபோனார்கள். பிறகு அவன் வரவேயில்லை.

"வீட்டை போவமே அக்கா?"

"வேண்டாம். எனக்கு நடக்க ஏலும்."

மூன்று தடவை ஒழுங்காக நடந்தார். அடுத்த தடவை திரும்பி ஓடி, வான் கதவைப் பிடித்துக்கொண்டார்.

"எங்கை கொண்டு போறியள் அவனை?"

எல்லோரும் அசையாமல் நின்றார்கள். உள்ளே கிடந்த நடிகர் இங்கிலாந்துக்காரர். வாயில் அகலமான ஒட்டுப்பட்டி ஒட்டியிருந்தது. நான் அக்காவைக் கட்டிப்பிடித்து இழுத்து வந்தேன். இயக்குநர் கை தட்டினார். அதையே படத்தில் வைக்கப் போகிறாராம்.

வரும் வழியில் அக்கா கேட்டார்: "வானுக்குள்ளை இருந்து உமக்கு ஏதும் கேட்டதே?"

"இல்லை அக்கா."

கேட்டது. "அக்கா, நிக்காதை, போ" என்று தெளிவான தமிழில் கேட்டது. அந்த மனிதனின் வாய்ப்பட்டி அசையவேயில்லை.

சுவருக்கு அந்தப் பக்கம் அக்கா இன்னும் நடந்துகொண்டிருக்கிறார். தனக்குப் பைத்தியம் என்று நினைக்கிறாரோ தெரியாது. எழுந்து போய்க் கதவைத் தட்டப் போகிறேன். எனக்கும் கேட்டது என்று சொல்ல வேண்டும்.