கேள்விகளை வெட்டியெறிந்த மாமிக்கு

என் பிரியமான கிளேர் மாமி,

ஜேர்மனியின் எசன் நகரத்திலிருந்து அதிமுக்கிய அறிவித்தல்: பதினொரு மாதங்களாகத் தேடப்பட்டுவந்த உங்கள் முறுக்கு டப்பாவின் மூடி, நேற்றுப் பிற்பகல் சோபாவுக்கு அடியிலிருந்து உயிருடன் மீட்கப்பட்டது. மீட்டவர் அடியேன். முறுக்குகளின் நல்லடக்கம் என் வயிற்றில் எப்போதோ நடந்துவிட்டது.

இனி உண்மையான செய்தி. பழைய சினிமாவைப் பற்றி நீங்கள் தயாரித்த விவரணப்படம் ஒன்றைப் போன கிழமை தொலைக்காட்சியில் திரும்பவும் போட்டார்கள். கடைசியில் பெயர்கள் ஓடும்போது மாமா எழுந்து கிட்டப் போய், "அந்தா, கிளேர்!" என்று விரலை நீட்டினார். விரல் போவதற்குள் பெயர் மேலே போய்விட்டது.

பிறகு கேட்டார்: "டேய், இவ்வளவு படத்தில ஒரு இடத்திலயாவது இவளின்ர குரல் இல்லையே?"

இல்லை மாமி. பழைய நடிகைகளை மணிக்கணக்காகப் பேசவைப்பீர்கள். பிறகு உங்கள் கேள்விகளை மட்டும் வெட்டியெறிவீர்கள், பதில்தான் படம் என்று. வீட்டுக் காணொளிகளிலும் நீங்கள் கமராவுக்குப் பின்னால், மூச்சுக்கூட விடாமல். ஒருநாள் மாமா தேடுவார் என்று உங்களுக்குத் தோன்றவே இல்லையா?

நான் சும்மா இருப்பேனா? "மாமியின்ர ஆண்டு நினைவுக்கு நான் ஒரு படம் செய்யிறன், மாமா. முக்கால் மணித்தியாலம். முழுக்க மாமியின்ர குரல்!" என்று அடித்துவிட்டேன். அவர் எல்லோருக்கும் சொல்லிவிட்டார். சட்டைகூட அயன் பண்ணி மாட்டியாயிற்று. நினைவுநாள் வருகிற ஞாயிறு.

சினிமாக் கொட்டகையில் படம் ஓட்டிய அந்த முதியவரை உங்கள் வரவேற்பறையில் பேட்டி எடுத்தது ஞாபகமா? முடிந்ததும் எல்லோரையும் அரை நிமிடம் அசையாமல் இருக்கச் சொன்னீர்கள். வெட்டிய இடங்களை ஒட்டுவதற்கு அறையின் மௌனம் வேண்டுமாம். மௌனத்தையும் பதிவு செய்கிற ஒரே ஆளை அன்றுதான் கண்டேன். இருபதாவது செக்கனில், வேண்டுமென்றே, முறுக்கைக் கடித்தேன். உங்கள் முகம் போகிற போக்கைப் பிடிக்கக் கைத்தொலைபேசியையும் ஓடவிட்டிருந்தேன்.

அதைக் கண்டதும், "உடன அழி!" என்றீர்கள்.

"ஓம் மாமி, அழிச்சிட்டன்."

ஞாயிறன்று மாமாவுக்கு உங்கள் குரல் கேட்கும், மாமி. ஒரு செக்கனும் வெட்டமாட்டேன். இந்த முறை அசையாமல் இருப்பேன். சத்தியம்.

ஆனால், உங்களுக்கு மட்டும் சொல்கிறேன். முக்கால் மணித்தியாலமும் இல்லை, படமும் இல்லை. நான் எதையும் செய்யவில்லை. அன்றைக்கு அழிக்கவில்லை, அவ்வளவுதான். இருபது செக்கன் மௌனம், ஒரு 'கறுக்', பிறகு உங்கள் பிரெஞ்சு நாக்கில் யாழ்ப்பாணத் தமிழ்: "தம்பி! நீ மனிசனோ, எலியோ?" அதற்குப் பின்னால் நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரித்தது எனக்கு நினைவே இல்லை. நேற்றிலிருந்து அதைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

சொன்னதைச் செய்யாத
உங்கள் எலி மருமகன்